ஒரு நொடிக்குள்

விசாரணை அதிகாரி அந்த நீளமான தாளை மேஜைமேல் விரித்தார். அது சுருண்டுகொள்ளாமல் இருக்க ஒரு முனையில் தண்ணீர்க் குவளையையும் மறுமுனையில் தன் கைக்கடிகாரத்தையும் வைத்தார்.

மேஜைக்கு இந்தப் பக்கம் இரண்டு நாற்காலிகள். ஒன்றில் இறந்துபோன ரயில் ஓட்டுநரின் மனைவி. மற்றதில், அன்றைக்கு அவரோடு இன்ஜினில் போன உதவி ஓட்டுநர்.

கூட வேலை செய்தவர்கள் இறந்தவரை ‘கொக்கு’ என்றுதான் கூப்பிடுவார்கள். சிக்னல் கண்ணில் படும் முன்பே ஜன்னலுக்கு வெளியே கழுத்தை நீட்டிவிடுவார். முப்பது வருடத்தில் ஒரு சிவப்பைக்கூடத் தாண்டாதவர். கேலி பேசும்போது மனைவியும் அந்தப் பெயரைத்தான் சொல்வாள்.

பதினோரு நாளாக அவள் பார்க்கிறவர்களிடமெல்லாம் ஒன்றையே கேட்டுக்கொண்டிருந்தாள். மாரடைப்பு வந்து கவனிப்பார் இல்லாமல் கிடந்தாரா? யாராவது வண்டியை நிறுத்தியிருந்தால் பிழைத்திருப்பாரா?

எல்லோரும் ஆறுதல் சொன்னார்கள். பதில்தான் யாரும் சொல்லவில்லை. டாக்டர்கூட, உயிர் பிரிந்த நேரத்தை இத்தனை மணி என்று சொல்ல முடியாது என எழுதிக் கொடுத்துவிட்டார்.

பதில் இந்தத் தாளில் இருக்கிறது என்றார் அதிகாரி. நல்ல மனிதர்தான். அவளுக்குப் புரிகிற மாதிரி நிதானமாகச் சொன்னார்.

சிக்னல் பச்சை என்றால் இன்ஜினுக்குள் ஒரு மணி அடிக்கும், அதோடு சரி. மஞ்சளோ சிவப்போ என்றால் பஸ்ஸர் அலறும். கவனித்துவிட்டேன் என்பதற்கு அடையாளமாக ஓட்டுநர் ஒரு பட்டனை அமுக்க வேண்டும். மூன்று நொடிக்குள் அமுக்காவிட்டால் இயந்திரம் யாரையும் கேட்காது. தானே பிரேக் போட்டு வண்டியை நிறுத்திவிடும். ஓட்டுபவர் மயங்கி விழுந்தாலும் வண்டி போய் எதிலும் மோதிவிடக் கூடாதல்லவா, அதற்கான ஏற்பாடு.

அன்றைக்கு முன்னால் ஒரு சரக்கு வண்டி ஊர்ந்துகொண்டு போனதால் வழி நெடுக மஞ்சள். பஸ்ஸர் அலறியது, பட்டன் அமுக்கியது எல்லாமே தாளில் பதிவாகியிருக்கிறது. அதிகாரி பேனா முனையால் ஒவ்வொரு கோடாகத் தொட்டுக் காட்டினார்.

மதியம் இரண்டு பத்து. பஸ்ஸர். ஒரு நொடிக்குள் பட்டன்.

இரண்டு பதினெட்டு, பெரிய ஸ்டேஷனுக்குள் நுழைகிற இடம். ஒரு நொடிக்குள் பட்டன்.

அந்த ஸ்டேஷனுக்கு எதிரிலேயே ஆஸ்பத்திரி இருக்கிறதே என்றாள் அவள். இருக்கிறது, ஆனால் அப்போது அவருக்கு ஒன்றுமே இல்லையே என்றார் அதிகாரி.

இரண்டு இருபத்தாறு. இரண்டு முப்பத்து நான்கு. இரண்டுக்கும் ஒரு நொடிக்குள் பட்டன்.

இரண்டு நாற்பத்திரண்டுக்குத்தான் யாரும் அமுக்கவில்லை. வண்டி நடுக்காட்டில் தானாக நின்றது.

ஆக, கடைசி எட்டு நிமிடத்துக்குள்தான் எல்லாம் நடந்திருக்கிறது. அந்த இடத்தில் கடவுளே வந்திருந்தாலும் ஒன்றும் செய்திருக்க முடியாது என்றார் அதிகாரி. இளவட்டங்களுக்கே பட்டனைத் தொட இரண்டு நொடி ஆகும், இவர் ஒரு முறைகூடத் தாமதிக்கவில்லை, பாராட்டுக் கடிதத்துக்கு எழுதியிருக்கிறேன் என்றார். முப்பது வருடம் வாயைத் திறந்து ஒரு நல்ல வார்த்தை சொல்லாத நிர்வாகம் அது.

அவள் பதினோரு நாளில் முதல்முறையாக நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தாள்.

உதவி ஓட்டுநர் தலையைத் தூக்கவில்லை. துக்கம் என்று இருவரும் நினைத்துக்கொண்டார்கள்.

அந்தச் சத்தம் எப்படி இருக்கும், ஒரு தடவை கேட்க முடியுமா என்றாள் அவள். அதிகாரியின் கணினியில் பதிவு இருந்தது. தட்டினார்.

பஸ்ஸர் அலறியது.

உதவி ஓட்டுநரின் இடது கை பாய்ந்துபோய் மேஜை விளிம்பை அமுக்கியது. அவன் அனுப்பாமலே போன கை. அதிகாரி சிரித்துவிட்டார், பழக்கம் யாரை விட்டது என்றார்.

அவள் சிரிக்கவில்லை. அந்தக் கையையே பார்த்தாள். பிறகு அதன்மேல் தன் கையை வைத்தாள்.

“இப்படித்தான் அமுக்கினாரா, தம்பி?”

“ஆமா அண்ணி. இப்படித்தான்.”

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒருவர் கண்ணயர்ந்தால் மற்றவர் பார்த்துக்கொள்வது இன்ஜினுக்குள் எழுதாத சட்டம். அது எந்தத் தாளிலும் பதிவாவதில்லை. அன்று சாப்பிட்டு முடித்ததும், நெஞ்சு கரிக்கிறது, ஒரு பத்து நிமிஷம் பார்த்துக்கொள் என்று சொல்லிவிட்டு அண்ணன் ஜன்னலோரம் தலை சாய்த்தபோது மணி இரண்டு. பத்து நிமிஷம் நாற்பதானது. விடிகாலையிலிருந்து ஓட்டிய மனுஷரை எழுப்ப அவனுக்கு மனம் வரவில்லை. ஐந்தாவது மஞ்சளுக்குத்தான் எழுப்பலாம் என்று தோளைத் தொட்டான்.

அதற்கு முந்தைய நான்குக்கும், தன் இருக்கையிலிருந்து எட்டி, இதே இடது கையால் அவன்தான் அமுக்கினான். ஒரு நொடிக்கு மேல் அலறவிட்டால் அண்ணனின் தூக்கம் கலைந்துவிடும் என்று, அவசர அவசரமாக.