விரிசலில் ஒட்டிய கண்ணாடி

விருதுநகரில் மிளகாய் வத்தல் மொத்த வியாபாரம் செய்யும் சாபிர் பாய்க்கு, தாம் மூட்டைகளை அடுக்கி வைக்க வாடகைக்கு எடுத்திருக்கும் கிட்டங்கியையே விலைக்கு வாங்கிவிட ஆசை. ஆனால் சொந்தக்காரர் கனகசபாபதி சொன்ன விலையைக் கேட்டதும் தலை சுற்றியது.

கிட்டங்கியின் மேற்குச் சுவரின் வெளிப்பக்கத்தில் நீளமாக ஒரு விரிசல். அதைக் காட்டி விலையைப் பாதியாகக் குறைக்கப் பார்த்தார். கனகசபாபதி மசியவில்லை. கொத்தனார் சோலைச்சாமியைக் கூட்டி வந்து, விரிசலின் குறுக்கே விரலகலக் கண்ணாடித் துண்டு ஒன்றைச் சிமெண்டு வைத்து ஒட்டச் சொன்னார்.

"விரிசல் வளந்தா கண்ணாடி பட்டுனு ஒடைஞ்சிரும். ஒடையலைன்னா செவரு திடமா நிக்குதுன்னு அர்த்தம். ஒரு மாசம் பாருங்க பாய்" என்றார் கொத்தனார்.

தினமும் பத்து மணிக்குக் கிட்டங்கியைத் திறக்க வந்ததும் பாய் முதலில் பார்ப்பது கண்ணாடியைத்தான். மாதம் முடிந்தது. ஒரு கீறல்கூட இல்லை. சுவர் நல்ல சுவர் என்று சந்தோஷம். விலை குறையாதே என்று வயிற்றெரிச்சல்.

அப்போதுதான் அந்த யோசனை வந்தது. ஆட்கள் சாப்பிடப் போன நேரத்தில், மூட்டை தூக்கும் கொக்கியால் லேசாக ஒரு தட்டு. கண்ணாடி இரண்டாயிற்று. உடனே போன் போட்டார்.

"அண்ணாச்சி, விரிசல் ஓடுது போல. வந்து பாருங்க."

புதுத் துண்டு ஒட்டினார்கள். மறுநாள் மதியமும் உடைந்தது. மூன்றாம் நாளும் அப்படியே; மறுபடி ஒன்றை ஒட்டினார்கள். கனகசபாபதியின் முகம் தொங்கிப்போனது.

"நீங்க கேட்ட பாதி விலைக்கே எடுத்துக்கோங்க பாய்."

அந்த வாரமே பத்திரம் முடிந்தது. அன்றைக்கு வீட்டில் பிரியாணி. "பொழைக்கிறதுக்கு மூளை வேணும்" என்று மனைவி பைரோஜாவிடம் நாலு தடவை சொல்லிவிட்டார்.

மறுநாள் காலையில் கிட்டங்கியைத் திறக்கப் போனால், கடைசியாக ஒட்டிய கண்ணாடி இரண்டாகக் கிடந்தது. பாய் அதைத் தொடவே இல்லை. கையிருப்பில் இருந்த ஒரு துண்டைத் தாமே ஒட்டிவிட்டுப் போனார். அடுத்த நாள் காலையில் அதுவும் உடைந்திருந்தது.

பஜாரில் இருக்கும் ஊர்க்காவலனின் கண்ணாடிக் கடைக்கு ஓடி, விரலைக் காட்டி அளவு சொன்னார்.

"அந்தக் கிட்டங்கிச் செவத்துக்குத்தான பாய், வெட்டியே வச்சிருக்கேன், கனகசபாபதி அண்ணாச்சி போன மாசம் பூரா விடியுமுன்னே வந்து தெனம் ஒண்ணு வாங்கிட்டுப் போவாக" என்றான் ஊர்க்காவலன்.