ரங்கூன் சேவுகன்

"பர்மாவைச் சொல்லி ஒருத்தன் சிரிக்க வைக்கப் போறான், அதுக்கு நான் தலைமை தாங்கணுமாக்கும்?" என்றார் ஆதப்பன்.

அக்காள் மகன் குமரப்பன் அசையவில்லை. "நூலக ஆண்டு விழா, அம்மான். ஊர்ல பர்மாவை நல்லா அறிஞ்சவுக நீங்கதான். நோட்டீஸ்ல பேரு போட்டாச்சு."

ரங்கூனில் முப்பத்திரண்டு வருஷம் அரிசி மில் நடத்தியவர் ஆதப்பன். போன வருஷம், அறுபத்து நாலில், மில்லை அந்த ஊர்ச் சர்க்கார் எடுத்துக்கொண்டது. ஒரே ஒரு டிரங்குப் பெட்டியோடு கப்பலேறி, திருமயம் பக்கத்துச் சொந்த ஊருக்கு வந்து சேர்ந்தார். அன்றிலிருந்து எங்கேயும் தலைகாட்டுவதில்லை. பர்மா என்று யாராவது பேச்செடுத்தால் எழுந்து உள்ளே போய்விடுவார்.

"வாரேன்," என்றார் கடைசியில். "ஆனா அந்த ஆளு பர்மாக்காரன் மாதிரிப் பேசுறேன்னு 'சிங் சாங்'னு எதையாச்சும் ஒளறினா, மேடையிலேயே சொல்லிப்புட்டு எந்திருச்சு வந்துருவேன்."

சாயங்காலம் பள்ளிக்கூட மைதானத்துப் பந்தல் நிறைந்துவிட்டது. மேடைக்குப் பின்னால், சிரிக்க வைக்க வந்த ரங்கூன் சேவுகன் வேஷத்தோடு தயாராக உட்கார்ந்திருந்தான். பட்டு லுங்கி, தலையில் ரோஸ் துணிக்கட்டு, கன்னத்தில் மரப்பட்டை அரைத்த மஞ்சள் பூச்சு. ஆதப்பன் ஏற இறங்கப் பார்த்தார். குறை சொல்ல ஒன்றும் கிடைக்கவில்லை.

"எந்த ஊரு தம்பி?"

சேவுகன் எழுந்து கும்பிட்டான். பக்கத்தில் நின்ற அவன் மனைவி சொர்ணம் முந்திக்கொண்டாள். "இலுப்பூருங்க ஐயா. மேடை ஏறுற வரைக்கும் இவரு அதிகம் பேசமாட்டாரு."

"இந்தத் தொழிலுக்கு எப்படி வந்தீக?"

"கப்பல்ல வந்து எறங்குனதும் இலுப்பூர்ச் சந்தையில குடை வித்தோம். இவரு விலை சொல்ல வாயத் தொறந்தாரு, சந்தையே கூடி நின்னு சிரிச்சுச்சு. குடை ஒண்ணும் விக்கலை. ஒரு வாரம் மனசு ஒடிஞ்சு படுத்துக் கெடந்தாரு. எட்டாம் நாளு எந்திருச்சு, சிரிக்கத்தானே வாராக, வரட்டும்னு சந்தையில பெட்டியப் போட்டு மேல ஏறிட்டாரு. அப்புறம் ஆவூர்த் திருவிழாவுக்குக் கூப்பிட்டாக, கட்டுமாவடிக்குக் கூப்பிட்டாக. இது நாப்பதாவது மேடைங்க."

ஆதப்பன் "ம்" என்று சொல்லிவிட்டு முன்வரிசையில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தார்.

சேவுகன் மைக்கைப் பிடித்தான். "எல்லாருக்கும் வணக்கம். நான் பர்மாவில இருந்து வந்தான். என் பொண்டாட்டியும் வந்தேன்."

கூட்டம் குலுங்கியது.

"ஒரு நாள் மச்சான் வந்தான். காபி குடிச்சான். 'போயிட்டு வாரேன்' சொன்னான். நான் சோறு வச்சு உக்காந்தான். ராத்திரி வரலை. மறுநாள் வரலை. மூணு நாள் நான் கதவு மூடலை. நாய் வந்துச்சு, கோழி வந்துச்சு. மச்சான் வரலை."

ஆதப்பனின் கட்டியிருந்த கை மெல்ல அவிழ்ந்தது. மில்லில் வேலை பார்த்த பர்மாக்காரர்கள் தமிழ் பேசும் அதே குரல், அதே இழுப்பு. வார்த்தையின் கடைசி எழுத்தை விழுங்குகிற விதம்கூட அச்சு அசல். ரங்கூனுக்குப் போன புதிதில், கடைத்தெருவில் அவர் எதையோ கேட்க நினைத்து வேறெதையோ கேட்க, கடைக்காரப் பெண்கள் ஒருத்தி மேல் ஒருத்தி சாய்ந்து சிரித்தார்கள். சிரித்து ஓய்ந்ததும் முக்காலி போட்டு உட்காரவைத்து, அந்தச் சொல்லைச் சரியாகச் சொல்லும் வரை விடவில்லை. ஒரு வருஷமாக மில் பறிபோன நாளைத் தவிர வேறெதுவும் ஞாபகத்துக்கு வராதவருக்கு, இன்றைக்கு அந்த முக்காலி ஞாபகத்துக்கு வந்தது.

"ஆபீஸ்ல சார் கேட்டாரு, 'நீ ஏன் இந்தியா வந்தே?' நான் சொன்னான், பொண்டாட்டி கப்பல் ஏறினான், நானும் ஏறினான். 'அதெல்லாம் ஒரு காரணமா? வேற காரணம் எழுது'ன்னாரு. நான் யோசிச்சான். சாப்பாட்டு நேரம் வரைக்கும் யோசிச்சான். சார், வேற காரணம் இல்லை."

பந்தலே அதிர்ந்தது. குமரப்பன் திரும்பிப் பார்த்தான். ஆதப்பன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, துண்டால் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்துக்கொண்டிருந்தார்.

ஒரு மணி நேரம் போனதே தெரியவில்லை. சேவுகன் கும்பிட்டு முடித்ததும் பந்தலில் உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து நின்று கை தட்டினார்கள். ஆதப்பன் மேடை ஏறினார். தமக்குப் போட்ட மாலையைக் கழற்றிச் சேவுகன் கழுத்தில் போட்டார்.

"முப்பத்திரண்டு வருசம் அங்க இருந்தவன் சொல்றேன்," என்றார் மைக்கில். "குத்தம் கண்டுபிடிக்கத்தான் வந்தேன். எனக்கு அந்த ஊரையே திருப்பிக் குடுத்துட்டாரு இந்தத் தம்பி. இனிமே பர்மாப் பேச்சுன்னா என் வீட்டுக் கதவு தொறந்தே கெடக்கும்."

மறுபடி கைதட்டல். அது அடங்கியதும், மைக்கை விட்டு விலகி அவன் தோளைத் தொட்டார்.

"இலுப்பூர்க்காரருக்கு அச்சு அசலா பர்மாக்காரன் பேச்சு எப்படிய்யா வந்துச்சு? எம்புட்டு நாளு பழகுனீக?"

சேவுகன் புரியாமல் சொர்ணத்தைப் பார்த்தான்.

"இலுப்பூரு எங்க அப்பா ஊருங்க ஐயா. சேவுகன்ங்கிற பேரும் அவுக வச்சதுதான். இவரு பர்மாவுலயே பொறந்த அசல் பர்மாக்காரரு," என்றாள் அவள். "நடிக்கவெல்லாம் தெரியாதுங்க. இவருக்குத் தெரிஞ்ச தமிழே அம்புட்டுத்தான்."