ராணியின் கையுறை

"திமிர பாத்தியாடி? முழங்கை வரைக்கும் கையுறை. போன வாரம் வரைக்கும் நம்மகூடத்தானே துணி தொவைச்சா?"

ஹவானாவில் டிவி வந்த புதிது. கடைக் கண்ணாடிக்குப் பின்னால் ஓடிய நேரடி ஒளிபரப்பைப் பார்த்துக் கொதித்தாள் யூலாலியா.

எனக்கும் வயிறு எரிந்தது. அழகிப் போட்டியை நடத்தியது ஒரு சோப்பு கம்பெனி. சோப்பு சுற்றிய காகிதம் ஒன்றுக்கு ஒரு ஓட்டு. சலவைக்காரிகள் நாங்கள் அனுப்பிய காகிதங்கள்தான் ஒடிலியாவை அழகு ராணியாக்கின.

"ஏறினதும் ஏணிய ஒதைச்சிட்டா. நம்ம சகவாசம் தெரியக் கூடாதாம் மகாராணிக்கு."

திரையில் நிகழ்ச்சி நடத்துபவன் பல்லைக் காட்டினான். "எங்க சோப்பு போட்டா கை எப்படி இருக்கும்? நேயர்களுக்குச் சொல்லுங்க, ராணி."

ஒடிலியா நிதானமாகக் கையுறைகளை உருவினாள். இரண்டு கைகளும் தோலுரிந்து, விரலிடுக்கெல்லாம் வெடித்துப் புண்ணாகியிருந்தன.

"இப்படித்தான் இருக்கும். கையுறை போட்டு மறைக்கச் சொன்னது உங்க முதலாளி."

படம் பட்டென்று நின்றது.

யூலாலியா தன் இரண்டு கைகளையும் கடைக் கண்ணாடியில் விரித்து வைத்தாள். அதே வெடிப்பு, அதே புண்.

அடுத்த வாரமே புது ராணி வந்தாள். அவளுக்கும் முழங்கை வரைக்கும் கையுறை.