ஒடுக்காச் சர்க்கரை

கல்லூரி ஆய்வகத்தில் ஒரு சோதனைக்குழாயில் கொஞ்சம் சீனித் தண்ணீர் இருந்தது. அதற்குள் குளுக்கோசும் பிரக்டோசும் கைகோத்துக்கொண்டிருந்தன. கரும்பில் பிறந்த நாளிலிருந்தே அப்படித்தான்.

ஒரு மாணவி அதில் நீல நிறத் தாமிரக் கரைசலை ஊற்றி, குழாயைக் கொதிக்கும் நீரில் நிறுத்தினாள்.

"தம்பி, ஒரே ஒரு எலக்ட்ரான் குடேன்" என்றது தாமிரம். "கிடைச்சா செங்கல் நிறமாகி அடியில உட்கார்ந்துடுவேன். இல்லேன்னா என்னைக் கொட்டிடுவாங்க."

குளுக்கோசிடம் எலக்ட்ரான் இருந்தது. ஆனால் கொடுக்கிற கை பிரக்டோசின் பிடியில் இருந்தது.

"கொஞ்சம் விடேன்டா."

"விட்டா நான் எங்கடா போவேன்? பெரிய வள்ளல் இவரு!"

குளுக்கோஸ் அதற்கு மேல் கேட்கவில்லை. நீலம் நீலமாகவே நின்றது. மாணவி நோட்டில் 'ஒடுக்காச் சர்க்கரை' என்று எழுதினாள்.

"அப்படின்னா என்னண்ணே?" என்று தாமிரத்திடம் கேட்டது குளுக்கோஸ்.

"கேட்டவனுக்கு எலக்ட்ரான் தராத சர்க்கரைன்னு அர்த்தம்."

"தர மாட்டேன்னு நான் சொல்லவே இல்லையேண்ணே!"

"அதையெல்லாம் அந்தச் சொல்லுல எழுத இடமில்ல தம்பி."

மாணவி குழாயைக் கழுவுதொட்டியில் கவிழ்த்தாள். தாமிரம் முன்னால் ஓடிவிட்டது. யாரோ அங்கே கொட்டியிருந்த சூடான அமிலம் பட்டதும், இத்தனை காலப் பிடி தானாகவே அவிழ்ந்தது. பயந்ததுபோல் பிரக்டோசுக்கு ஒன்றும் ஆகவில்லை. அது தன் பாட்டுக்கு வேறு பக்கம் போய்விட்டது.

குளுக்கோஸ் கையை நீட்டியபடி, "அண்ணே! அண்ணே!" என்று கூப்பிட்டுக்கொண்டே வடிகாலில் இறங்கியது. முன்னே போன தண்ணீரில் நீலம் தெரியவில்லை.