கேமரா பார்க்கும் சூரியகாந்தி

வேடிக்கை பார்க்க வருபவர்களை நம்பி, சூரியனை விட்டுவிட்டுப் போட்டோ எடுப்பவர் பக்கம் திரும்பும் புதுரகச் சூரியகாந்தியைச் சங்கரபாண்டி இரண்டு ஏக்கரில் போட்டார். கூட்டமெல்லாம் வடக்கே சாலையில் நின்றே படம் எடுத்தது. பூக்களும் நாள் முழுக்க வடக்கையே முறைத்துக்கொண்டு நின்றன. வெயில் படாமல் விதை பொக்காகத் தொடங்கியது.

விதைக் கடைக்காரர் வழி சொன்னார்: "காலையில கிழக்க நின்னு வீட்டம்மாவப் போட்டோ எடுங்க அண்ணாச்சி. ஆள் இல்லாம எடுத்தா பூ திரும்பாது."

மனைவி கோமதி பட்டுச்சேலை கட்டி வயலில் வந்து நின்றாள். "முப்பது வருசத்துல என்னைய ஒரு போட்டோ எடுத்திருப்பீயளா? இப்ப பூவுக்காவச் சிரிக்கணுமாக்கும்."

சங்கரபாண்டி படம் எடுத்தார். இரண்டு ஏக்கரும் சொன்ன பேச்சுக் கேட்டுக் கிழக்கே திரும்பியது.

"சரி, இன்னொண்ணு எடுத்துக்கிடுதேன்."

"அதான் பூ திரும்பிட்டே, பொறவு எதுக்கு?"

"நீ கண்ண மூடிட்ட" என்றார், மூடாத கண்களைத் திரையில் பெரிதாக்கிப் பார்த்தபடியே.