குள்ளர் வீடு

"இந்தக் கல்லு வூட்டுல யாரும்மா இருந்தாங்க?" என்று மகள் பூவாயி முன்பொருநாள் கேட்டபோது, "குள்ளருங்க" என்று பச்சையம்மாள் சொல்லியிருந்தாள்.

கல்வராயன் மலையில் 'குள்ளர் வீடு' எனப்படும் அந்தப் பழங்காலக் கல் புதைகுழிகளைத் தோண்ட வந்த இளஞ்செழியனுக்கு ஒரு வாரமாக அவள்தான் சமைத்துப் போட்டாள். அன்று அவள் சோறு கொண்டுவந்தபோது, ஆட்கள் சாப்பிடக் கீழே போயிருந்தார்கள். அவர் மட்டும் குழிக்குள் இருந்தார்.

"பாருங்கம்மா, மூவாயிரம் வருசத்துக்கு முன்னாடி செத்த கொழந்தை. தலைமாட்டுல சட்டி நெறைய சாமை வச்சிருக்காங்க. இவங்களப் போயி நாகரிகம் தெரியாதவங்கன்னு எழுதிட்டோம்."

பச்சையம்மாள் சோற்றைக் குழியின் விளிம்பில் வைத்தாள்.

அவர் மண்ணை மெல்ல ஊதினார். இடுப்பெலும்பில் ஒரு கறுப்பு அரைஞாண் கயிறு மக்காமல் கிடந்தது. அவர் கை அப்படியே நின்றது. மூவாயிரம் வருடம் எந்தக் கயிறும் தாங்காது.

"மூணு வருசம் முன்ன, மறியலப்ப, ரோடு பூரா மரத்த வெட்டிப் போட்டிருந்தாங்க சார். காய்ச்சல்ல கெடந்த பூவாயியத் தூக்கிக்கினு கள்ளக்குறிச்சி போவ முடியல. இந்த வூடுன்னா அவளுக்கு உசுரு. அளவாவும் இருந்துச்சி. சட்டி உள்ளியே கெடந்துச்சி, சாமைய நாந்தான் வச்சேன்."

அவள் இறங்கிப் போனாள்.

ஒரு வாரம் அவள் கையால் உண்டவர், அன்றைய சோற்றை அப்படியே குழந்தையின் தலைமாட்டில் வைத்தார். ஆட்கள் திரும்புவதற்குள் தனியாக மண்ணைத் தள்ளி மூடினார்.