ஒத்தைக் குண்டு

"பானை உடைஞ்சா பொண்ணு உமக்கு வே. உடையலைன்னா மோரைக் குடிச்சிட்டு அடுத்த பஸ்ஸைப் பிடியும்."

பெண்ணின் அப்பா உச்சிமாகாளி சிரிக்காமல்தான் சொன்னார். காளிராஜ் கட்டிலோரம் சாய்த்திருந்த துப்பாக்கியைப் பார்த்தான். அவன் சங்கரன்கோவிலில் விசைத்தறி ஓட்டுகிறவன். அறுந்த பாவு நூலை இருட்டிலும் முடிச்சுப் போடுவான். துப்பாக்கியைத் தொட்டுக்கூடப் பார்த்ததில்லை. மூன்று வருஷத்துக்கு முன் ஆடித்தபசுக் கூட்டத்தில் கோமதித்தாயைப் பார்த்ததிலிருந்து, கட்டினால் இவளைத்தான் என்று நின்று, இன்றைக்கு மேலநீலிதநல்லூருக்கு பஸ் ஏறி வந்துவிட்டான்.

முப்பது தப்படி தள்ளி, கிணற்று மேட்டு மண்சுவருக்கு முன்னால் ஒரு கல்லின் மேல் பானை உட்கார்ந்திருந்தது.

"நமக்கு ஆம்பளைப் பிள்ளை கிடையாது. கடலைக்காட்டுல பன்னி இறங்குச்சுன்னா ஒரே ராத்திரியில பூராத்தையும் தோண்டிப்போடும். இந்த வீட்டுக்கு வாரவனுக்குச் சுடத் தெரியணும்லா?" கயிற்றுக் கட்டிலில் முழங்கால் மூட்டைத் தடவியபடி சொன்னார் உச்சிமாகாளி. "எங்க மாமனாரும் எனக்கு இந்தப் பரீட்சைதான் வச்சாரு. இதே துப்பாக்கி, இதே மேடு. ஒத்தை ஈயக்குண்டு. பானை தூள்."

முப்பது வருஷமாகச் சொல்லிவருகிற கதை. மோர்ச் செம்போடு நின்ற அவர் மனைவி முருகம்மாள், இன்றைக்குத்தான் கேட்கிறவள்போலத் தலையாட்டினாள்.

"ஒத்தைக் குண்டுக்குப் பதிலா பொடி ஈய ரவை போட்டுச் சுடக் கூடாதா மாமா?" தறிக்கூடத்தில் யாரோ சொல்லியனுப்பியதைக் கேட்டுவைத்தான் காளிராஜ்.

"ரவை கொக்கு சுடுதவனுக்கு. அது சிதறிப்போய் எங்கனயாவது பட்டுத் தொலைக்கும், அதுல என்ன வே திறமை இருக்கு? பங்களாதேஷ் சண்டைக்குப் போய்வந்த மிலிட்டரிக்காரனே போன மாசம் பொண்ணு கேட்டு வந்து இங்கன நின்னு கோட்டை விட்டான். கரிவலத்து ரைஸ்மில்காரர் மகனும் அப்படித்தான். ஏட்டி கோமதி, துப்பாக்கியில மருந்து கெட்டிச்சுக் குடு. அது எங்க வீட்டுப் பொம்பளைக வேலை, என் மாமியா காலத்துல இருந்து."

மிலிட்டரிக்காரனே விட்டான் என்றால் நான் எந்த மூலைக்கு என்று காளிராஜுக்கு வியர்த்தது.

கோமதித்தாய் தன் உயரத்துக்கு இருந்த துப்பாக்கியைத் தூக்கி நிறுத்தினாள். காற்றுக்கு வெடிமருந்து பறக்கும் என்று அவர்களுக்கு முதுகு காட்டித் திரும்பிக்கொண்டாள். மாட்டுக்கொம்புக் குடுவையிலிருந்து கருமருந்தை உள்ளங்கையில் அளந்து குழலுக்குள் சரித்தாள். முருகம்மாள் இடுப்புச் சுருக்குப்பையை அவிழ்த்துத் தேங்காய் நாரை எடுத்துக் கொடுக்க, அதைத் திணித்து இரும்புக் கம்பியால் இடித்தாள். கொஞ்சம் கூடினால் குழலே வெடித்துவிடும். அவள் அளவு இம்மியும் தப்பவில்லை. காளிராஜ் பயத்தை மறந்து பார்த்துக்கொண்டிருந்தான். இவளுக்கு முன்னால் நாமெல்லாம் உறைபோடக் காணமாட்டோம் என்று தோன்றியது. அதுவே சந்தோஷமாகவும் இருந்தது.

பொறி தட்டுகிற 'கேப்'பைச் செருகித் துப்பாக்கியை நீட்டினாள். "தோளோட அணைச்சுப் பிடிங்க. குழல் பானைப் பக்கம் இருந்தாப் போதும்."

துப்பாக்கிக் குதிரையைப் பின்னால் இழுத்தான். கோமதியம்மனைக் கும்பிட்டான். இரண்டு கண்ணையும் இறுக மூடிக்கொண்டு விசையை அழுத்தினான்.

காடே அதிர்ந்தது. தோளில் உதை வாங்கி, இருந்த இடத்தில் உட்கார்ந்துவிட்டான். ஒரே வெள்ளைப் புகை, ஒன்றும் தெரியவில்லை. புகை விலகினபோது கல் மட்டும் இருந்தது, பானையைக் காணோம்.

மூட்டுவலிக்காரர் கட்டிலை விட்டு எழுந்து வந்து அவனைக் கட்டிக்கொண்டார். கண் கலங்கியிருந்தது. "என்னையே பார்த்தாப்ல இருக்கு மாப்ளே. அப்படியே என்னையே பார்த்தாப்ல இருக்கு." துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, ஊருக்குள் சேதி சொல்லக் கிளம்பிவிட்டார்.

காளிராஜும் கோமதித்தாயும் உடைந்த பானை ஓடு பொறுக்க மேட்டுக்குப் போனார்கள். மண்சுவரைப் பார்த்தவன் அப்படியே நின்றான். அம்மைத் தழும்புபோல இருபது சின்னச் சின்னத் துளைகள். ஒன்றை விரலால் நோண்டினான். மிளகளவு ரவை கையில் விழுந்தது. சுவரை மேலும் கீழும் தடவிப் பார்த்தான். பெரிய துளை ஒன்றுகூட இல்லை.

"கோமதி, அந்த மிலிட்டரிக்காரர் சுட்ட குண்டு எங்க போச்சு?"

"போட்டாத்தான போறதுக்கு? வந்த ரெண்டு பேருக்கும் வெறும் மருந்தும் நாரும்தான்."

காளிராஜுக்கு உடம்பெல்லாம் சிரிப்பு வந்தது. அடுத்த நொடி ரவையைக் கைக்குள் மூடிக்கொண்டான். "மாமாவுக்குத் தெரிஞ்சா என்ன ஆகும்?"

மோர்ச் செம்போடு வந்துகொண்டிருந்த முருகம்மாளைப் பார்த்துக்கொண்டே கோமதித்தாய் சொன்னாள்:

"முப்பது வருஷமாத் தெரியலை, இனிமேலா தெரியப்போகுது? அன்னைக்கு அப்பாவுக்கு ரவை கெட்டிச்சுக் குடுத்ததே எங்க அம்மாதான்."